பிளக் பாயின்ட் இருக்குங்களா?

மேட்டுப்பாளையம் ஊட்டி ரோட்டில் எலக்ட்ரிக்கல் கடை வைத்திருப்பவனிடம் ஜனங்கள் ஒயர் கேட்பார்கள், மோட்டார் ஸ்டார்ட்டர் கேட்பார்கள், ஃபேனுக்குக் கண்டென்சர் கேட்பார்கள். இப்போதெல்லாம் சீசன் தொடங்கிவிட்டால் கரண்டையே கேட்கிறார்கள். "அண்ணா, பதினஞ்சு ஆம்பியர் பிளக் பாயின்ட் இருக்குங்களா? ஒரு மணி நேரம் போட்டுக்கறோம், காசு குடுத்தர்றோம்." கேட்பவர் கரூர்க்காரராக இருப்பார், சேலத்துக்காரராக இருப்பார், சென்னையிலிருந்து ராத்திரி முழுக்க ஓட்டி வந்தவராகவும் இருப்பார். பின் சீட்டில் குழந்தை தூங்கிக்கொண்டிருக்கும். கார் புதுசு, பச்சை நம்பர் பிளேட்.

நான் இல்லை என்று சொல்வதில்லை. ஆனால் உள்ளதைச் சொல்லிவிடுவேன். அந்த பிளக்கில் ஒரு மணி நேரம் போட்டால் மூன்று யூனிட் ஏறும். மூன்று யூனிட்டை வைத்துக்கொண்டு வழியிலுள்ள பர்லியாறு போய்ச் சேருவதே கஷ்டம், குன்னூரை நினைக்கவே வேண்டாம். இதைக் கேட்டதும் அந்த முகம் வாடுவதைப் பார்க்க எனக்குப் பொறுக்கவில்லை. புகை விடாத வண்டி, அரசாங்கமே வாங்கச் சொல்கிற வண்டி என்று நம்பி லட்சக்கணக்கில் கொடுத்து வாங்கியிருக்கிறார்கள். மலையேறுகிற நேரத்தில் எங்கள் ஊருக்கு வந்து ஒரு பிளக்குக்காகக் கடை கடையாக ஏறி இறங்குகிறார்கள். முன்யோசனை இல்லாமல் கிளம்பி வந்துவிட்டார்கள் என்று பக்கத்துக் கடையில் பேசுவார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. போனில் பார்த்துவிட்டுத்தான் வந்திருக்கிறார்கள். போனில் சார்ஜர் இருக்கிறது என்றுதான் காட்டியிருக்கிறது.

மேட்டுப்பாளையத்தில் சார்ஜரே கிடையாது என்று நான் சொல்லவில்லை. பெட்டிகள் நிற்கின்றன. நானும் மின்சாரக் கார்தான் ஓட்டுகிறேன், அதனால் அந்தப் பெட்டிகளோடு எனக்கு நல்ல பழக்கம் உண்டு. ஒன்றில் திரை கறுத்துக் கிடக்கும். இன்னொன்றில் திரை எரியும், ஆனால் சார்ஜிங் துப்பாக்கியைக் காரில் சொருகினால் சிவப்பு விளக்கு. மூன்றாவதன் முன்னால் ஒரு டீசல் வண்டியை நிறுத்திவிட்டு அதன் சொந்தக்காரர் சாப்பிடப் போயிருப்பார். எல்லாம் சரியாக இருக்கிறது என்று வைத்துக்கொண்டாலும் ஒவ்வொரு கம்பெனிக்கும் ஒவ்வொரு ஆப். அதை இறக்க வேண்டும், ஓடிபி வர வேண்டும், வாலட்டில் முன்பணம் போட வேண்டும். இவ்வளவும் செய்த பிறகு வண்டியில் சார்ஜ் ஏறாமல் வாலட்டில் மட்டும் பணம் குறைந்தால் யாரிடம் போய்ச் சொல்வது? வாட்ச்மேனைக் கேட்டால், "அது ஓடறதில்லீங்க. கம்பெனிக்காரங்க வந்து பார்த்தாத்தான் உண்டுங்க" என்பார். பெட்டியில் ஒட்டியிருக்கிற நம்பருக்கு அடித்தால் எங்கோ வேறு மாநிலத்தில் ஒருவர் எடுத்து, இந்தியில் ஆரம்பித்து, பெட்டியின் அடையாள எண்ணைக் கேட்பார். அந்த எண் வெயிலில் வெளுத்துப் போய் எத்தனையோ நாளாயிற்று.

பெட்ரோல் பங்க்கில் பம்ப் ஓடவில்லை என்றால் பங்க்காரர் அன்றைக்கே ஆள் வைத்துச் சரி செய்கிறார், அவருக்கு அன்றைய வியாபாரம் போகிறது. சார்ஜர் ஓடாவிட்டால் இந்த ஊரில் யாருடைய வியாபாரமும் போவதில்லை. எனக்கு எரிச்சல் வருவது இங்கேதான். கருவி பழுதாகத்தான் செய்யும். மழையும் வெயிலும் எலியும் இருக்கிற ஊரில் வெளியில் நிற்கிற எந்த மின்சாரக் கருவியும் பழுதாகும், என் தொழிலே அதை நம்பித்தான் ஓடுகிறது. பழுதைப் பார்க்க ஒரு ஆளை வைக்காமல் கருவியை மட்டும் வைத்துவிட்டுப் போவதைத்தான் என்னால் ஏற்றுக்கொள்ள முடியவில்லை.

மற்ற ஊரில் இப்படி இருந்தால்கூட ஒரு மாதிரி. மேட்டுப்பாளையத்தில் இப்படி இருக்கவே கூடாது. கணக்குப் போட்டுப் பாருங்கள். எங்கள் ஊர் கடல் மட்டத்திலிருந்து சுமார் 330 மீட்டர் உயரம். ஊட்டி 2,240 மீட்டர். நடுவில் உள்ள தூரம் ஐம்பது கிலோமீட்டருக்குச் சற்று மேல். ஆட்களோடும் பெட்டி படுக்கையோடும் 1,700 கிலோ வருகிற ஒரு காரை அந்த 1,900 மீட்டர் உயரத்துக்குத் தூக்குவதற்கு மட்டுமே கிட்டத்தட்ட 9 யூனிட் மின்சாரம் வேண்டும். சக்கரம் உருளுவதற்கும் மற்றதற்கும் இன்னும் ஆறேழு யூனிட். தட்டை ரோட்டில் ஏழெட்டு யூனிட்டில் முடிகிற தூரம், இங்கே பதினைந்தைத் தாண்டிவிடுகிறது. நடுத்தரக் குடும்பங்கள் வாங்குகிற காரில் பேட்டரி 25, 30 யூனிட்தான் இருக்கும். அதில் பாதிக்கு மேல் இந்த ஒரு மலைக்கே போய்விடும். அதனால் மலையேறுகிறவர் சார்ஜ் நிரப்ப வேண்டிய இடம் கோயமுத்தூரும் இல்லை, குன்னூரும் இல்லை. அடிவாரம்தான்.

இறங்கும்போதுதான் இந்த வண்டியின் அருமை தெரியும். ஏறும்போது கொடுத்த மின்சாரத்தில் ஒரு பங்கை இறக்கத்தில் மோட்டாரே திருப்பிப் பேட்டரிக்கு அனுப்புகிறது. நிதானமாக இறங்கினால் ஊட்டியில் இருந்ததைவிட இரண்டு மூன்று யூனிட் கூடுதலாக வைத்துக்கொண்டு அடிவாரத்துக் கல்லாறு வந்து சேரலாம். மோட்டாரே வண்டியைப் பிடித்து நிறுத்துவதால் பிரேக் அவ்வளவாகச் சூடாவதில்லை. குன்னூர் மலைப்பாதையில் இரண்டாவது கியரில் இறங்கச் சொல்லிப் பலகை வைத்திருப்பது எதற்கு என்று இந்த ஊர்க்காரர்களுக்குத் தெரியும். சமவெளியிலிருந்து வருகிறவர்கள் வழி நெடுக பிரேக்கை மிதித்துக்கொண்டே இறங்கி, பிரேக் கருகிப்போய் விபத்தில் மாட்டிக்கொள்வதை வருடா வருடம் பார்க்கிறோம். அந்தக் கருகல் நாற்றம் எங்கள் மூக்குக்குப் பழகிய ஒன்று. ஆனால் மின்சாரக் காரிலும் ஒரு விஷயம் இருக்கிறது. அடிவாரத்தை நம்ப முடியாமல், இறங்குவதற்கு முன்னால் ஊட்டியிலேயே நூறு சதவீதம் நிரப்பிக்கொண்டு கிளம்பினால், இறக்கத்தில் கிடைக்கிற மின்சாரத்தை வாங்கிக்கொள்ளப் பேட்டரியில் இடம் இருக்காது. மோட்டார் பிடிக்காது, பழையபடி பிரேக்கைத்தான் மிதிக்க வேண்டும். அடிவாரத்தில் சார்ஜர் ஒழுங்காக ஓடினால் மேலே எவரும் பயந்து பயந்து நிரப்ப மாட்டார்கள். இது வசதிப் பிரச்சினை மட்டுமில்லை, உயிர்ப் பிரச்சினையும்தான்.

காசில்லை என்று எவரும் சொல்ல முடியாது. மத்திய அரசு 2023 மார்ச்சில் மூன்று எண்ணெய் நிறுவனங்களுக்கு 800 கோடி ரூபாய் ஒதுக்கி, நாடெங்கும் அவர்களுடைய பங்க்குகளில் 7,432 விரைவு சார்ஜர்கள் வைக்கச் சொன்னது. 2024 அக்டோபரில் தொடங்கிய பிஎம் இ-டிரைவ் திட்டத்தின் 10,900 கோடியில் 2,000 கோடி சார்ஜிங் நிலையங்களுக்கு மட்டும். 2024 செப்டம்பரில் மத்திய மின்துறை வெளியிட்ட வழிகாட்டுதல், நெடுஞ்சாலைகளில் இருபது கிலோமீட்டருக்கு ஒரு சார்ஜிங் நிலையம் வேண்டும் என்கிறது. தமிழக அரசும் சும்மா இருக்கவில்லை. 2019-இல் ஒரு மின்வாகனக் கொள்கை, 2023 பிப்ரவரியில் திருத்திய கொள்கை. சாலை வரியில் விலக்கு கொடுத்தார்கள். சென்னை, கோவை, திருச்சி, மதுரை, சேலம், நெல்லை ஆகிய ஆறு நகரங்களை மின்வாகன நகரங்களாக்குவோம் என்றார்கள்.

ஆனால் நாடாளுமன்றத்தில் மத்திய அரசு வைத்த கணக்கைப் பாருங்கள். 2024 பிப்ரவரி தொடக்கத்தில் நாடு முழுக்கப் பொதுச் சார்ஜிங் நிலையங்கள் 12,146. மகாராஷ்டிரத்தில் 3,079. நம்மைவிடச் சிறிய கேரளத்தில் 852. தமிழ்நாட்டில் 643. அதற்குப் பிறகு எண்ணிக்கை கூடியிருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் நாட்டில் ஓடுகிற மின்வாகனங்களில் பத்தில் நான்கு எங்கள் மாநிலத்தில்தான் தயாராகின்றன என்று அரசே பெருமையாகச் சொல்கிறது. ஓசூரில் ஏதர், டிவிஎஸ். போச்சம்பள்ளியில் ஓலா. ஸ்ரீபெரும்புதூரில் ஹூண்டாய். 2025 ஆகஸ்டில் தூத்துக்குடியில் வின்ஃபாஸ்ட். வியட்நாமிலிருந்து வந்து இங்கே கார் செய்கிறார்கள். செய்த காரை இங்கே நம்பி ஓட்டுவதற்கு என்ன செய்தோம் என்று கேட்டால் 643 என்று பதில் வந்தது. அந்த 643-இலும் அன்றைக்கு எத்தனை ஓடின என்பதற்கு அந்தக் கணக்கில் பதிலே கிடையாது. வைத்ததைத்தான் எண்ணுகிறார்கள்.

ஓடுவதை எண்ணுகிற நாடுகள் இருக்கின்றன. பிரிட்டனில் 2023-இல் ஒரு சட்டவிதி கொண்டுவந்தார்கள். விரைவு சார்ஜர் வைத்திருக்கிற ஒவ்வொரு நிறுவனமும் தன் சார்ஜர்கள் வருடத்தில் சராசரியாக 99 சதவீத நேரம் ஓடுவதைக் காட்ட வேண்டும், தவறினால் அபராதம். இருபத்துநாலு மணி நேரமும் எடுக்கிற உதவி எண் வேண்டும். ஆப் இல்லாமல் கார்டைத் தட்டியே பணம் கட்ட முடிய வேண்டும். நார்வே மலைகளும், எங்கள் நீலகிரியைவிடக் கடுமையான குளிரும் உள்ள நாடு. 2024-இல் அங்கே விற்ற புதுக் கார்கள் நூறில் கிட்டத்தட்ட 89 மின்சாரக் கார்கள். மலைக்கும் குளிருக்கும் இந்த வண்டி ஒத்துவராது என்று என் கடையில் வந்து சொல்லாதவர் இல்லை. ஒத்துவராதது மலையில்லை.

அவ்வளவு தூரம் எதற்கு, காரமடையிலிருந்து மேற்கே போனால் அட்டப்பாடி, கேரளம். கேரளத்தில் மின்வாரியமே ஆயிரத்துக்கும் மேற்பட்ட மின்கம்பங்களில் சின்னச் சின்ன சார்ஜிங் பெட்டிகளைப் பொருத்தியது. 2021-இல் கோழிக்கோட்டில் ஆட்டோக்காரர்களுக்காகத் தொடங்கினார்கள். ஏற்கனவே நிற்கிற கம்பம், ஏற்கனவே போகிற லைன். தனி இடம் தேட வேண்டாம், கட்டடம் வேண்டாம். அங்கேயும் பல பெட்டிகள் சும்மா கிடக்கின்றன என்ற புகார் உண்டு. ஆனாலும் ஆட்டோக்காரரை நினைத்து ஒரு மின்வாரியம் வேலை செய்தது என்பதே எனக்குப் பெரிதாகத் தெரிகிறது.

ஏனென்றால் கார் வைத்திருக்கிற என்னைப் போன்றவன் எப்படியும் சமாளித்துக்கொள்வான். சொந்த வீடு, போர்ட்டிகோவில் கார். தனியாக எர்த் குழி தோண்டி, கரியும் உப்பும் போட்டு, தண்ணீர் ஊற்றி, எம்சிபி போட்டு நானே லைன் இழுத்துக்கொண்டேன். எங்கள் ஊர் உருளைக்கிழங்கு மண்டியில் மூட்டை ஏற்றுகிற லோடு ஆட்டோக்காரர் என்ன செய்வார்? நீலகிரிக் கிழங்கும் கேரட்டும் வெள்ளைப்பூண்டும் இறங்குகிற ஊர் இது. நாள் முழுக்க மண்டிக்கும் லாரி ஷெட்டுக்கும் கடைவீதிக்கும் இடையே குறைந்த தூரம் ஓடுகிற வண்டிகள். மின்சாரத்தில் ஓட இதைவிடப் பொருத்தமான வண்டி உலகத்தில் கிடையாது. பெட்ரோல் நூறு ரூபாயைத் தாண்டி வருடங்களாகின்றன. அவர்களுக்கும் வாங்க ஆசை இருக்கிறது. என்னிடம் வந்து விலை, பேட்டரி, வாரன்டி எல்லாம் விசாரிப்பார்கள். கடைசியில் எல்லாரும் ஒரே இடத்தில் வந்து நிற்பார்கள். "வண்டிய ராத்திரி எங்கண்ணா போடறது?"

அவர்கள் குடியிருப்பது லைன் வீடு. ஒரே காம்பவுண்டில் வரிசையாக ஐந்தாறு வீடு, சில இடங்களில் எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே சர்வீஸ், உள்ளே சப்-மீட்டர். வீட்டுக்காரரிடம் கேட்டால், "ஏற்கனவே பில்லு எகிறுது தம்பி. வண்டியும் போட்டா ஐநூறு யூனிட் தாண்டிரும். நாளைக்கு ஒயர் பொசுங்கிச்சுன்னா யாரு பதில் சொல்றது?" என்கிறார். அவர் கெட்டவர் இல்லை. இரண்டு மாதத்தில் 500 யூனிட்டைத் தாண்டினால் கீழ்ப்படியில் கிடைக்கிற சலுகையும் போய், மேல்படிக்கு விலையும் கூடிவிடுகிற பில் முறை நம்முடையது. ஒயர் பொசுங்கும் என்ற பயமும் நியாயம்தான். அந்த வீடுகளில் நானே வேலை பார்த்திருக்கிறேன். பழைய ஒயரிங், பேருக்கு ஒரு எர்த் கம்பி. சார்ஜரை மாட்டினால் எர்த் சரியில்லை என்று வண்டியே மறுத்துவிடும். மறுக்காத மலிவான சார்ஜர்தான் இன்னும் ஆபத்து.

அப்போது அவருக்கு மிச்சமிருப்பது வெளிச் சார்ஜர். அங்கே யூனிட் இருபது ரூபாய்க்குக் குறையாது என்று வைத்துக்கொள்ளலாம், அதன் மேல் 18 சதவீதம் ஜிஎஸ்டி. வண்டிக்கு 5 சதவீதம் வாங்குகிற அரசு, அந்த வண்டி குடிக்கிற மின்சாரத்துக்கு 18 வாங்குகிறது. வீட்டில் போடுகிற எனக்கு அந்த ஜிஎஸ்டி கிடையாது, முதல் நூறு யூனிட் இலவசம் வேறு. கார் வைத்திருக்கிறவனுக்குக் குறைந்த விலை, மூட்டை ஏற்றிப் பிழைக்கிறவருக்கு இரண்டு மூன்று மடங்கு விலை. இதை நினைத்தால் எனக்குச் சோறு இறங்குவதில்லை. போதாததற்கு அந்தப் பெட்டிகள் பெரும்பாலும் காருக்கானவை. மூன்று சக்கரத்துக்கும் ஸ்கூட்டருக்கும் வேறு வேறு முனை. ஒரு கம்பெனி ஸ்கூட்டரின் முனை இன்னொன்றில் சேராது. இலகு வாகனங்களுக்கென்று இந்தியத் தர நிர்ணய அமைப்பு 2023-இல் ஒரு பொது முனைக்கு ஒப்புதல் கொடுத்துவிட்டது. ஆனால் இதைத்தான் வைக்க வேண்டும் என்று எல்லாக் கம்பெனிகளையும் கட்டாயப்படுத்தவில்லை. செல்போன் சார்ஜர் முனைக்குக் காட்டிய அக்கறையில் பாதியை ஸ்கூட்டருக்குக் காட்டியிருக்கலாம்.

இத்தனை கஷ்டமும் நடப்பது மின்சாரம் பிறக்கிற இடத்துக்கு நேர் கீழே. பைக்காரா மின்சாரம் 1930-களில் மலையிறங்கி வந்த பிறகுதான் கோயமுத்தூரில் மில்லுக்கு மேல் மில் வந்தது. பிறகு கனடா உதவியோடு குந்தாத் திட்டம். குந்தா, கெத்தை, பரளி, பில்லூர் என்று ஒரே தண்ணீரை ஒவ்வொரு படியாக இறக்கி ஒவ்வொரு படியிலும் மின்சாரம் எடுக்கிறார்கள். கடைசிப் படியான பில்லூரின் 100 மெகாவாட் எங்கள் ஊருக்குப் பக்கத்தில்தான். அந்தத் தண்ணீர்தான் பவானியாக எங்கள் ஊரைக் கடந்து போகிறது. தென்கிழக்கே போனால் பல்லடம், உடுமலைப் பக்கம் பாலக்காட்டுக் கணவாய்க் காற்றில் சுற்றுகிற காற்றாலைகள். 1937-இல் ஜி.டி. நாயுடுவும் டி. பாலசுந்தரமும் நாட்டின் முதல் மின்மோட்டாரைச் செய்தது கோயமுத்தூரில். 2008-இல் ஹேமலதா அண்ணாமலை ஆம்பியர் நிறுவனத்தைத் தொடங்கி மின்சார ஸ்கூட்டர் செய்ததும் கோயமுத்தூரில். இன்றைக்குப் பல நகரங்களில் சார்ஜர் நடத்துகிற ஜியான் நிறுவனமும் கோயமுத்தூர்க்காரர்களுடையது. தண்ணீர், காற்று, மோட்டார் செய்கிற கை, முதல் போடுகிற துணிச்சல் எல்லாம் இந்த மண்ணில் இருக்கிறது.

எங்களால் முடியாது என்று சொன்னால் ஓடந்துறையைக் காட்டுவேன். மேட்டுப்பாளையத்தைத் தாண்டினால் வருகிற ஊராட்சி, கல்லாறு பக்கம். அந்தச் சின்ன ஊராட்சி 2006-இல் 350 கிலோவாட் காற்றாலை ஒன்றைச் சொந்தமாக வாங்கியது. 1 கோடியே 55 லட்சம் ரூபாய். கையிலிருந்த சேமிப்பைப் போட்டு, மிச்சத்துக்கு வங்கியில் கடன் வாங்கி, காற்று நன்றாக அடிக்கிற உடுமலைப் பக்கத்தில் நிறுவினார்கள். ஆர். சண்முகம் தலைவராக இருந்த காலத்தில் போட்ட திட்டம். ஊருக்கு வேண்டியது போக மீதியை மின்வாரியத்துக்கு விற்றார்கள், அந்தக் காசில் கடனை அடைத்தார்கள். வெளிநாட்டிலிருந்தெல்லாம் வந்து பார்த்துவிட்டுப் போனார்கள். மின்வாகனம் என்ற பேச்சே இல்லாத காலத்தில் ஒரு கிராம ஊராட்சி காற்றாலை வாங்கி, நடத்தி, பராமரித்துக் காட்டியது. அதற்குப் பக்கத்திலிருக்கிற நாங்கள், எங்கள் மண்டி வாசலில் பத்து ஆட்டோவுக்கு ராத்திரி சார்ஜ் போட ஒரு கொட்டகை கட்ட முடியாமல் நிற்கிறோம். அன்றைக்கு ஓடந்துறையில் இருந்தது பணம் மட்டும் இல்லை. இது நம் ஊர் வேலை, நாமே பார்க்க வேண்டும் என்கிற பொறுப்பு இருந்தது.

சார்ஜர் வைக்கிற வேலையைத் தனியார் செய்யட்டும் என்று விட்டுவிட்டார்கள். தனியாரையும் குற்றம் சொல்ல முடியாது. பெரிய சார்ஜர் வைத்தால் வாங்கிய லோடுக்கு மாதாமாதம் நிலைக்கட்டணம் கட்ட வேண்டும், வண்டி வந்தாலும் வராவிட்டாலும். எங்கள் ஊரில் சனி ஞாயிறும் ஏப்ரல், மே மாதமும் வரிசை நிற்கும். நடுவார நாட்களில் ஈ ஓட்ட வேண்டும். மின்சாரக் கட்டணமும் நேரத்துக்கு நேரம் மாறும். வெயில் நேரத்தில் மலிவு, காலை மாலை உச்ச நேரத்தில் கூடுதல். ஊட்டிக்குப் போகிறவர்களோ காலையில்தான் வந்து நிற்பார்கள். இந்தக் கணக்கில் தனியார் ஒருவர் தானாக முன்வந்து நல்ல சார்ஜர் வைத்து, ஆளும் போட்டு, நஷ்டத்தையும் தாங்குவார் என்று எதிர்பார்ப்பது நியாயமில்லை. ரோடும் பஸ் ஸ்டாண்டும் லாபக் கணக்குப் பார்த்தா போட்டார்கள்?

நீலகிரிக்கு வண்டிகள் அதிகமாகிவிட்டன என்று உயர் நீதிமன்றமே தலையிட வேண்டி வந்தது. 2024 மே 7 முதல் இ-பாஸ். 2025 ஏப்ரல் முதல் சீசனில் வார நாட்களில் 6,000 வண்டி, வார இறுதியில் 8,000 வண்டி என்று வரம்பு. அடிவாரத்திலிருந்து மின்சார மினி பஸ் விடுவதை யோசிக்கலாம் என்றும் நீதிமன்றம் சொன்னது. எனக்கு அது சரியான யோசனையாகத் தெரிகிறது. நீலகிரி எக்ஸ்பிரஸில் விடிகாலையில் வந்து இறங்குகிற ஜனங்களில் மலை ரயிலில் இடம் கிடைப்பவர் கொஞ்சம் பேர்தான். மற்றவர்களுக்கு ஸ்டேஷன் வாசலிலிருந்து மின்சார பஸ் விட்டால் பாதிக் கார்கள் வீட்டிலேயே நிற்கும். 2025-26 பட்ஜெட்டில் 1,125 மின்சார பஸ்கள் அறிவித்தார்கள். சென்னைக்கு 950, மதுரைக்கு 100, கோவைக்கு 75. சென்னையில் 2025 ஜூன் 30 அன்று வியாசர்பாடியிலிருந்து முதல் 120 பஸ்கள் ஓடவும் தொடங்கின. நல்ல காரியம். ஆனால் அந்த அறிவிப்பில் மலைக்கு ஒன்றுகூட இல்லை. மலையைத் தொட்டுக்கொண்டிருக்கிற எங்கள் ஊரின் பெயர் எந்தப் பட்டியலிலும் வருவதில்லை. நகரம் என்றால் கோவையோடு நிறுத்திவிடுகிறார்கள், சுற்றுலா என்றால் ஊட்டியிலிருந்து தொடங்குகிறார்கள். நடுவில் எல்லா வண்டியும் நின்று போகிற ஊர் ஒன்று இருப்பது எவர் கண்ணுக்கும் படவில்லை.

சென்ற சீசனில் ஒரு பெரியவர், மகன் வாங்கிக்கொடுத்த மின்சாரக் காரில் மனைவியோடு கோத்தகிரி போக வந்தவர், என் கடை ஸ்டூலில் நெடுநேரம் உட்கார்ந்திருந்தார். "அடுத்த வண்டி பெட்ரோல்தானுங்க வாங்கோணும்" என்றார். அவரிடம் நான் என்ன சொல்லி மறுக்க முடியும்? வண்டி நல்ல வண்டி என்று அவருக்கே தெரியும். அவரைப் போல ஒருவர் தன் ஊருக்குத் திரும்பிப்போய்ப் பத்துப் பேரிடம் சொன்னால் அந்தப் பத்துப் பேரை எந்த மானியம் கொடுத்தும் திருப்பிக் கொண்டுவர முடியாது.

நகராட்சியிடமும் மின்வாரியத்திடமும் நான் கேட்பது பெரிய விஷயமே இல்லை. பஸ் ஸ்டாண்டிலும் ரயில்வே ஸ்டேஷன் பக்கத்திலும் காருக்கு நான்கு விரைவு சார்ஜர். மண்டிப் பக்கத்தில் ஆட்டோவுக்கும் ஸ்கூட்டருக்கும் ராத்திரி முழுக்கப் போட்டு வைக்க ஒரு கொட்டகை, அங்கே வீட்டுக் கட்டணத்தை ஒட்டிய விலை. பணம் கட்ட ஆப் வேண்டாம், டீக்கடையில் இருப்பது போல க்யூஆர் அட்டை போதும். ஐடிஐ முடித்துவிட்டு வேலை தேடுகிற பையன்கள் இந்த ஊரில் எத்தனையோ பேர் இருக்கிறார்கள். இரண்டு பேருக்குப் பயிற்சி கொடுத்து, சம்பளம் கொடுத்து, பழுது பார்க்க வையுங்கள். எங்கேயோ இருக்கிற கால் சென்டரின் எண்ணை எடுத்துவிட்டு, அந்தப் பையன்களின் போன் நம்பரைப் பெரிய எழுத்தில் தமிழில் பெட்டியின் மேல் எழுதுங்கள். புகார் சொன்னால் எத்தனை மணி நேரத்தில் வந்து பார்ப்பார்கள் என்பதையும் பக்கத்திலேயே எழுதுங்கள். மாதம் எத்தனை நாள் ஓடியது, எத்தனை நாள் நின்றது என்ற கணக்கை நகர்மன்றக் கூட்டத்தில் வையுங்கள். இதற்கு டெல்லியிலிருந்து எதுவும் வர வேண்டியதில்லை, ஒரு தீர்மானம் போட்டால் நடக்கும். மே மாத மலர்க் கண்காட்சிக்கு முன்னால் நடக்க வேண்டும், ஏனென்றால் அப்போது குன்னூர் ரோடு ஏறுவதற்கு மட்டும், கோத்தகிரி ரோடு இறங்குவதற்கு மட்டும் என்று ஆகிவிடும். இந்தப் பக்கமிருந்து ஏறுகிற அத்தனை வண்டியும் எங்கள் ஊர் வழியாகத்தான் போயாக வேண்டும்.